ட்ரம்பெட் வாசித்தது யார்?

1

போன ஞாயிற்றுக்கிழமை காலையில் திருப்பூரிலிருந்து என் தங்கை சுமதி கூப்பிட்டாள்.

“அக்கா, மாமா அனுப்புன வீடியோவப் பெரிய டிவில போட்டுப் பாத்தோம். பக்கத்து வூட்டு அத்தையக்கூடக் கூப்புட்டு உக்கார வெச்சேன். பாட்டு நல்லாத்தான் இருக்குது. ஆனா உன்ற புள்ள எங்க நிக்கறா? முன்னால ஒரு வெள்ளக்காரப் பையன்தான ஊதிக்கிட்டு இருக்கறான்?”

அடுப்பில் வேலையாக இருக்கிறேன், அப்புறம் பேசுகிறேன் என்று போனை வைத்துவிட்டேன். அடுப்பில் ஒரு வேலையும் இல்லை. இருந்த கோபத்தில் அவளைக் கடித்துக் குதறியிருப்பேன். பாவம், அவள் கேட்டதில் தப்பே இல்லை. அந்த வீடியோவுக்குக் கீழே வரிசையாகக் கைதட்டுகிற படம் போட்டிருக்கிறார்களே, அவர்களில் ஒருத்தருக்கும் தோன்றாத கேள்வியை அவள் கேட்டாள்.

அமெரிக்காவிலிருந்து ஊருக்கு எழுதுகிறவர்கள் பனி பெய்ததையும், சாலை சுத்தமாக இருப்பதையும், கடைசியில் கொஞ்சம் ஏக்கத்தையும் எழுதுவது வழக்கம். டெக்சஸில் எங்கள் ஃபிரிஸ்கோவில் பனி எப்போதாவதுதான் பெய்யும். எனக்கு இப்போது ஏக்கமும் இல்லை. வயிற்றெரிச்சல்தான் இருக்கிறது. அதைத்தான் எழுதப்போகிறேன்.

2

யாழினி எங்கள் ஒரே பெண். இரண்டு வயதில் இடுப்பில் தூக்கிக்கொண்டு வந்தோம். இப்போது பதினொன்றாம் வகுப்பு. நான் தமிழில் கேட்பேன், அவள் ஆங்கிலத்தில் பதில் சொல்வாள். இங்கே அவள் பேசியதாக நான் எழுதுவதெல்லாம் பெரும்பாலும் ஆங்கிலத்தில் சொன்னதுதான். உங்களுக்காகத் தமிழாக்கிக்கொள்கிறேன்.

ஆறாம் வகுப்பில் ஆளுக்கொரு வாத்தியம் எடுக்கச் சொன்னார்கள். நம் ஆட்களின் பிள்ளைகள் வயலின், புல்லாங்குழல் என்று போக, இவள் ட்ரம்பெட்டோடு வந்து நின்றாள்.

“ஏன் கண்ணு, கல்யாண ஊர்வலத்துல பேண்டு செட்டு வாசிக்கப் போறயா?” என்று இவர் கேட்டார். இவர் என்றால் என் வீட்டுக்காரர். கேட்டாரே தவிர, அன்றைக்கிருந்து ஒவ்வொரு கச்சேரி முடிந்ததும் அந்த வாத்தியப் பெட்டியைக் கார் வரைக்கும் தூக்கிக்கொண்டு வருவது அவர்தான். வேறு யாரையும் தொட விடமாட்டார். அவளும் மேடையிலிருந்து இறங்கி வந்ததும் ஒரு வார்த்தை பேசாமல் பெட்டியை அவர் கையில் கொடுத்துவிட்டு முன்னால் நடப்பாள். அப்பனுக்கும் மகளுக்கும் அதுதான் பேச்சு.

இந்த வருஷம் பள்ளியின் ஜாஸ் பேண்டை நடத்துகிற ஆசிரியர், டைரக்டர் என்பார்கள், ஒரு திட்டம் போட்டார். டிவி வீடுகளுக்கு வருவதற்கு முன்னால், நாற்பதுகளில், இந்த நாட்டு மதுக்கடைகளிலும் ஹோட்டல்களிலும் பீரோ உயரத்துக்கு ஒரு மரப்பெட்டி நிற்குமாம். காசு போட்டால் மேலே கண்ணாடித் திரையில் மூன்று நிமிடம் ஒரு பாட்டுப் படம் ஓடும். கதை கிடையாது. பதினைந்து, இருபது பேர் கோட்டுப் போட்டு வரிசையாக உட்கார்ந்து ட்ரம்பெட், ட்ராம்போன், சாக்ஸபோன் எல்லாம் ஊதுவார்கள். ஒரு பெண் வந்து பாடுவாள். ஒரு ஜோடி ஆடும். முடிந்தது. அடுத்த படத்துக்கு அடுத்த காசு. எந்தப் பாட்டு வரவேண்டும் என்று கேட்க முடியாது, சுருளில் எது அடுத்து இருக்கிறதோ அதுதான்.

அந்தப் பாணியில் நம் பேண்டே ஒரு படம் எடுக்கலாம், அதே மாதிரி ஒரு மரப்பெட்டியும் செய்து வசந்தகாலக் கச்சேரி அன்றைக்கு வாசல் கூடத்தில் வைத்து ஓட்டலாம் என்றார். எனக்கே பிடித்திருந்தது. அன்று சாயங்காலம் நானும் யாழினியும் சோபாவில் உட்கார்ந்து இணையத்தில் அந்தப் பழைய படங்களை ஒவ்வொன்றாகப் பார்த்தோம். ஒரு படத்தில் பேண்ட் முழுக்க இடது கையால் வாசித்தது. யாழினிதான் கண்டுபிடித்தாள். ட்ரம்பெட்டின் கட்டைகளை வலது கையால்தான் அழுத்தவேண்டுமாம். பெட்டிக்குள்ளே கண்ணாடியில் பட்டுத் திரைக்கு வருவதால் அந்தக் காலத்தில் படத்தையே இடவலம் மாற்றித்தான் பிரதி எடுப்பார்களாம். அதைத் திருப்பாமல் யாரோ அப்படியே இணையத்தில் ஏற்றியிருக்கிறார்கள். இரண்டு பேரும் விழுந்து விழுந்து சிரித்தோம். ரொம்ப நாளைக்குப் பிறகு அவளும் நானும் சேர்ந்து சிரித்தது அன்றைக்குத்தான்.

இன்னொன்றும் சொன்னாள். அந்தப் படங்களில் முதலில் பாட்டைத் தனியாகப் பதிவு செய்துவிடுவார்கள். அப்புறம் அதை ஓடவிட்டு, வாசிக்கிறமாதிரி பாவனை செய்து படம் பிடிப்பார்கள்.

“இதுல என்ன அதிசயம்? நம்ம ஊர் சினிமாப் பாட்டு பூரா அப்படித்தான்” என்றேன். திருப்பூரில் வெள்ளிக்கிழமை ராத்திரி டிவியில் சினிமாப் பாட்டுப் போடும்போது எனக்கும் சுமதிக்கும் அதுதான் போட்டி. நடிக்கிறது யார் என்று சொன்னால் மார்க் கிடையாது, அது குழந்தைக்கும் தெரியும். பாடினது யார் என்று முதலில் சொல்கிறவளுக்குத்தான் வெற்றி. குரலைக் கேட்டு முதல் வரியிலேயே சொல்லிவிடுவோம்.

இதை நான் பெருமையாகத்தான் அவளிடம் சொன்னேன்.

3

யாழினிக்குத் தனி வாசிப்புக் கிடைத்தது. பாட்டின் நடுவில் மற்றவர்கள் அடங்கிவிட, இவள் ட்ரம்பெட் மட்டும் பேசும். பேசும் என்று சும்மா சொல்லவில்லை. கழிவறை அடைப்பெடுக்கிற ரப்பர்க் கிண்ணம் இருக்கிறதே, அதன் குச்சியைக் கழற்றிவிட்டு ட்ரம்பெட்டின் வாயை அதனால் மூடி மூடித் திறந்தால் மனுஷக் குரல் மாதிரி வரும். அந்தக் காலத்து வித்தை அது. கடையில் புதிதாக ஒன்று வாங்கிக் கொடுத்தேன். ஒரு மாதம் எங்கள் வீட்டில் அந்தச் சத்தம்தான். கெஞ்சும், சண்டை போடும், கடைசியில் போடா என்று சொல்லிவிட்டுப் போய்விடும். உதடு வீங்கி, சோறு சாப்பிடும்போது காரம் பட்டுத் துடிப்பாள். வேண்டாம் என்றால் கேட்கமாட்டாள்.

பதிவு நன்றாக முடிந்தது. டைரக்டர் கட்டிப்பிடித்துப் பாராட்டினாராம். சிரித்துக்கொண்டே வந்தாள்.

படம் பிடிக்கிற சனிக்கிழமை சாயங்காலம் அவளைக் கூட்டிவரப் போனேன். காரில் ஏறினாள், சீட் பெல்ட்டை மாட்டினாள், ஜன்னல் பக்கம் திரும்பிக்கொண்டாள். டோல்வே நெடுஞ்சாலையில் பாதி வழி வந்த பிறகுதான் வாயைத் திறந்தாள்.

“என் சோலோவைக் கானர்தான் வாசிக்கிறான்.”

கானர் பேண்டில் முதல் ட்ரம்பெட் வாசிக்கிறவன். உயரமாக, வெள்ளைக் கோட்டில் பார்க்க நன்றாக இருக்கும் பையன்.

“அப்ப உன்னோட ரெக்கார்டிங்?”

“சத்தம் என்னுது. படத்துல அவன் நிக்கிறான். கிண்ணத்தை எப்பத் திறக்கணும், எப்ப மூடணும்னுகூட அவனுக்குத் தெரியலை. என்னைப் பின்வரிசைல ஓரமா உக்கார வெச்சாங்க.”

ஏன் என்று கேட்டேன். அந்தக் காலத் தோற்றம் வரவேண்டும், அப்போதுதான் அசலாக இருக்கும் என்று டைரக்டர் சொன்னாராம். எங்கள் பேண்டில் பழுப்பு நிறப் பெண் இவள் ஒருத்திதான்.

அடுத்த எக்ஸிட்டில் இறங்கி, ஒரு பெட்ரோல் பங்கில் காரை நிறுத்தினேன். “நீ என்ன சொன்ன? வாயில என்ன வெச்சிருந்த?” என்று அவளிடமே பாய்ந்தேன்.

அப்போது அவள் என்னைப் பார்த்தாள். “நான் என்ன சொல்றது? அப்பா ஓகே சொல்லிட்டாராம்.”

4

சொல்லியிருந்தார். முந்தின வாரமே டைரக்டர் இவருக்கு மின்னஞ்சல் அனுப்பியிருக்கிறார். உங்கள் மகளின் அற்புதமான ஒலிப்பதிவைப் பயன்படுத்திக்கொண்டு, காட்சியில் வேறொரு மாணவரை நிறுத்த நினைக்கிறோம், உங்களுக்குச் சம்மதமா என்று. இவர் ஆபீஸ் மீட்டிங் நடுவிலேயே பதில் போட்டுவிட்டார். நோ ப்ராப்ளம், வாய்ப்புக்கு நன்றி.

வாய்ப்புக்கு நன்றியாம். எனக்குப் பற்றிக்கொண்டு வந்தது.

“நீங்க என்னங்க நெனச்சு இதுக்குச் சரின்னீங்க?”

அவருக்கு முதலில் நான் எதற்குக் கத்துகிறேன் என்றே புரியவில்லை. “அட, பின்னணிதான? நம்ம ஊர்ல பாடறவங்கதான பெரிய ஆளு? நடிக்கறவன் வருவான், போவான். கொரலுதான நிக்கும். நான் கோயில்ல அத்தன பேருத்துக்கும் சொன்னேன், எங்க பொண்ணு படத்துக்குப் பின்னணி வாசிச்சிருக்கறான்னு.”

உண்மையாகவே சொல்லியிருக்கிறார். இங்கிருக்கிற அனுமார் கோயிலில் பிரசாத வரிசையில் நின்றுகொண்டு சொல்லியிருக்கிறார். அந்த மனுஷனைத் திட்டவும் முடியவில்லை, விடவும் முடியவில்லை. எங்கள் ஆட்களைத் தவிர உலகத்தில் வேறு யாரும் இந்தத் தப்பைப் பண்ணியிருக்க மாட்டார்கள். பாட்டு ஒருத்தருடையது, முகம் இன்னொருத்தருடையது என்பதில் நமக்கு ஒரு கூச்சமும் கிடையாது. ஆனால் நம் ஊரில் படம் தொடங்கும்போதே பாடினவர் பெயரைப் போடுகிறான். ரேடியோவில் சொல்கிறான். என்னைப்போல ரெண்டு பெண்பிள்ளைகள் தரையில் உட்கார்ந்து அந்தப் பெயருக்காக அடித்துக்கொள்கிறார்கள். இங்கே அது எதுவும் கிடையாது என்பது இவருக்கு உறைக்கவில்லை.

“சரி, இப்ப எழுதுங்க. சம்மதம் இல்லைன்னு எழுதுங்க” என்றேன்.

அப்போதுதான் அசல் காரணம் வெளியே வந்தது. “இப்பப் போயி வேண்டாம்னா மனுஷன் என்ன நெனப்பாரு? அடுத்த வருஷம் காலேஜுக்கு அவர்தான சிபாரிசு லெட்டர் குடுக்கணும். கிரீன் கார்டு வர்ற வரைக்கும் நம்ம யாரையும் பகைச்சுக்கக் கூடாது.”

இந்த வாக்கியத்தை யாழினி மூன்றாம் வகுப்பில் இருந்ததிலிருந்து கேட்டுக்கொண்டிருக்கிறேன். பக்கத்து வீட்டு நாய் எங்கள் தோட்டத்தில் அசிங்கம் செய்தால் கிரீன் கார்டு. ஆபீஸில் இவர் எழுதின புரோகிராமை வேறொருவன் தன் பெயரில் காட்டினால் கிரீன் கார்டு. ஊரில் விளங்கிக்கொள்ள மாட்டீர்கள், அதனால் சொல்கிறேன். இந்தியாவில் பிறந்தவர்களுக்கு அந்த வரிசை நகரவே நகராது. பெண்ணுக்கு இருபத்தொன்று ஆனால் எங்கள் விசாவோடு ஒட்டிக்கொண்டிருக்க முடியாது, அவளுக்கென்று வேறு வழி தேடவேண்டும். இடுப்பில் வந்த பிள்ளை இந்த ஊரைத் தவிர வேறு எதையும் அறியாது. இவருடைய பயத்தில் நியாயம் இருக்கிறது. எனக்குத் தெரியும். ஆனால் வாயுள்ள பிள்ளை பிழைக்கும் என்று கேட்டு வளர்ந்தவள் நான். இந்த நாட்டுக்கு வந்து, வாயை மூடிக்கொண்டால்தான் பிழைக்கலாம் என்று மாற்றிப் படித்துக்கொண்டோம்.

என் அம்மா திருப்பூரில் ஒரு எக்ஸ்போர்ட் கம்பெனியில் லேபிள் தைக்கிற மெஷினில் உட்கார்ந்தவள். நூல் நம்முடையது, சாயம் நம்முடையது, தையல் நம்முடையது. கழுத்துக்குப் பின்னால் வருகிற லேபிளில் மட்டும் எவன் பெயரோ இருக்கும். அதைத் தைத்துக் கொடுப்பதும் நாமேதான். அந்த வேலையை இவர் ஒரு வரி மின்னஞ்சலில் செய்து முடித்துவிட்டார் என்று சொன்னேன். இவர் எழுந்து கராஜுக்குப் போய்விட்டார்.

அங்கே அந்த மரப்பெட்டி பாதி முடிந்து நின்றது. அதைச் சொல்ல மறந்துவிட்டேன். பள்ளிக்கு அந்தப் பெட்டியைச் செய்து கொடுப்பதாக ஒப்புக்கொண்டவரும் இவர்தான். பலகை அறுத்து, உள்ளே கண்ணாடிகளைச் சாய்வாகப் பொருத்தி, திரைக்குப் பின்னாலிருந்து படம் விழுகிறமாதிரி வாரக் கடைசிகளில் உட்கார்ந்து செய்துகொண்டிருந்தார்.

நானே எழுதிவிடுகிறேன் என்று மடிக்கணினியைத் திறந்தேன். தாய் எழுதினாலும் செல்லும். யாழினி வந்து அதை மூடினாள்.

“நீ எழுதாதே. சரின்னு சொன்னது அப்பா. இல்லைன்னும் அப்பாதான் சொல்லணும்.”

“அவர் சொல்லலைன்னா?”

“அப்பத் தெரிஞ்சுக்கறேன்.” அதோடு நிற்கவில்லை. “டைரக்டர் அப்பாகிட்டக் கேட்டாரு. அப்பா ஆமான்னாரு. நீ சண்டை போடற. என்கிட்ட யாராவது கேட்டீங்களா?”

அதற்கு அடுத்த கச்சேரி ஒரு மழை நாளில் வந்தது. முடிந்ததும் இவர் வழக்கம்போலக் கையை நீட்டினார். அவள் வாத்தியப் பெட்டியைத் தானே தூக்கிக்கொண்டு மழையில் நடந்தாள். இவர் நீட்டின கையை என்ன செய்வது என்று தெரியாமல் பாக்கெட்டில் விட்டுக்கொண்டார்.

5

அவள் எழுதாதே என்றாள். போகாதே என்று சொல்லவில்லை. நான் டைரக்டரைப் பார்க்கப் போனேன்.

போவதற்கு முன்னால் யாழினி பழைய படங்களில் தேடி எடுத்ததை எனக்குக் காட்டியிருந்தாள். அந்தக் காலத்திலேயே இது நடந்திருக்கிறது. கறுப்பர்களும் வெள்ளையர்களும் சேர்ந்து வாசித்த இசை ஓடும், திரையில் வாசித்தவனுக்குப் பதிலாக வேறு நிறத்து ஆள் நிற்பான். கறுப்பர்களைத் திரையில் பார்க்கப் பொறுக்காத தென் மாநிலத் தியேட்டர்களில் வெட்டி எடுத்துவிட வசதியாகக் கறுப்பர் பாடும் காட்சியைத் தனியாக ஒட்டியிருப்பார்கள். தென் மாநிலம் என்றால் நாங்கள் வரி கட்டுகிற இதே மண்தான்.

“அவர் அசலா இருக்கணும்னு சொன்னாரில்ல? அசலாத்தான் பண்ணியிருக்காரு. அதுதாம்மா பிரச்சினை” என்றாள். பதினாறு வயதுப் பெண் அதைச் சாதாரணமாகச் சொன்னாள்.

ஆனால் இன்னொரு படமும் காட்டினாள். பெண்கள் மட்டுமே வாசிக்கிற ஒரு பேண்ட். கறுப்பு, மாநிறம், வெளுப்பு என்று பல நிறத்துப் பெண்கள். ட்ரம்பெட் வரிசை எழுந்து நின்று ஊதுகிறது. ஒருத்தியும் யாருக்குப் பின்னாலும் ஒளியவில்லை. நாற்பதுகளில் எடுத்த படம். யாழினி அதைத் திரும்பத் திரும்ப ஓடவிட்டுக்கொண்டிருந்தாள்.

அந்தப் படத்தைப் போனில் வைத்துக்கொண்டுதான் டைரக்டர் அறைக்குப் போனேன். அவர் பார்த்தார். அருமையான படம் என்றார், இதைப் பிள்ளைகளுக்குக் காட்டவேண்டும் என்றார். கோபமில்லாமல் சிரித்த முகமாகப் பேசுகிறவர்களிடம் எப்படிச் சண்டை போடுவது என்று இத்தனை வருஷத்தில் எனக்குப் பிடிபடவில்லை.

“காஸ்ட்யூம் எல்லாம் திருப்பிக் கொடுத்தாயிற்று, மறுபடி எடுக்க நேரமில்லை. அதுவுமில்லாமல் உங்கள் கணவர் பெருந்தன்மையாகச் சம்மதம் தந்தார். யாழினியின் மனம் நோகக் கூடாது என்றுதான் முன்கூட்டியே கேட்டேன்” என்றார். ஆடு நனைகிறதே என்று ஓநாய் அழுத கதைதான்.

கோபம் வந்தால் என் ஆங்கிலம் என்னை விட்டுவிட்டு ஓடிவிடும். சொல்ல வந்தது ஒன்று, வாயில் வந்தது ஒன்று. “திஸ் இஸ் சீட்டிங்” என்றேன். ஊரில் பல்லாங்குழியில் ஒரு சோழி கூடப் போட்டாலும் அந்த வார்த்தையைத்தான் சொல்வோம். அவர் முகம் சிவந்துவிட்டது. அந்த வார்த்தையை இங்கே மிகவும் கடுமையாக எடுத்துக்கொள்வோம் என்றார். மறுநாள் எங்கள் இரண்டு பேருக்கும் பள்ளியிலிருந்து ஒரு கடிதம். பெற்றோர் ஆசிரியர்களிடம் மரியாதையோடு உரையாடவேண்டும் என்ற எதிர்பார்ப்பு பற்றி.

என் பெண்ணின் மூச்சை எடுத்து இன்னொருத்தன் வாயில் ஒட்டினது மரியாதைக் குறைவு இல்லை. நான் சொன்ன வார்த்தைதான் மரியாதைக் குறைவு. இவர் அந்தக் கடிதத்தை இரண்டு தடவை படித்தார். “பாத்தியா, நான் சொன்னேனா இல்லையா?” என்றார்.

யாழினி என் பக்கம்தான் பேசுவாள் என்று நினைத்தேன். அவள் என்னையும் விடவில்லை. “தமிழ்ச் சங்கப் பொங்கல் விழாவில் நீங்க பண்றதும் இதுதானே? சின்னப் பசங்களை மேடையில் நிறுத்தி, யாரோ பாடின பாட்டுக்கு வாயசைக்க வைக்கிறீங்க. நானும் பண்ணியிருக்கேன். நீ முன் வரிசைல உக்காந்து அழுதே.”

அழுதது நிஜம்தான். அதில் யாரையும் மறைக்கவில்லையே என்று சொன்னேன். அவள் தோளைக் குலுக்கிவிட்டு மாடிக்குப் போய்விட்டாள்.

6

கச்சேரி நாள் வந்தது. ஆலங்கட்டி மழை வரும் என்று காலையிலிருந்து போன் அலறிக்கொண்டிருந்தது. வரவில்லை.

பள்ளி வாசல் கூடத்தில் இவர் செய்த பெட்டி நின்றது. நன்றாகத்தான் செய்திருந்தார், அதை மறுக்கமாட்டேன். பளபளவென்று வார்னிஷ், மேலே திரை, நடுவில் டோக்கன் போடுகிற துளை. இவர் தன்னுடைய ஒரே கோட்டைப் போட்டுக்கொண்டு, டோக்கன் கூடையோடு பக்கத்தில் நின்றார். யாழினி கறுப்பு உடையில் எதிர்ச் சுவரோரம், வாத்தியப் பெட்டியைக் காலுக்கு நடுவில் வைத்துக்கொண்டு நின்றாள். இவர் இன்னும் அந்த மின்னஞ்சலை எழுதவில்லை. மூன்று பேரும் ஒரே காரில் வந்தோம், ஒருத்தருக்கொருத்தர் பேசவில்லை.

இவர் முடிந்த படத்தை அதுவரை பார்த்ததில்லை. பெட்டியைச் சோதிக்க வேறு ஏதோ ஒரு துண்டுப் படத்தைத்தான் ஓட்டியிருந்தார். முதல் டோக்கனை டைரக்டரே போட்டார். கூட்டம் நெருங்கி வந்தது.

கறுப்பு வெள்ளையில் பேண்ட் வந்தது. ட்ராம்போன்கள் ஒன்றாக நீண்டு ஒன்றாகச் சுருங்கின. ஒரு பெண் கதவைத் திறந்துகொண்டு வந்து பாடினாள். அப்புறம் எல்லாம் அடங்கியது. கானர் முன்னால் வந்து நின்றான்.

எங்கள் வீட்டில் ஒரு மாதம் கேட்ட அதே சத்தம். அதே கெஞ்சல், அதே சண்டை. சத்தம் வாயை மூடும்போது கானரின் கிண்ணம் திறந்திருந்தது. சத்தம் திறக்கும்போது மூடியிருந்தது. ஒருத்தரும் கவனிக்கவில்லை. ஒரு அம்மா, “பார், என்னமாய் வாசிக்கிறான்” என்றாள். நான் இவரைப் பார்த்தேன். இவர் திரையைப் பார்த்துக்கொண்டிருந்தார். பின்வரிசையில் எங்காவது இவள் தெரிகிறாளா என்று தேடினாரோ என்னவோ, கழுத்து மெதுவாக முன்னால் போனது.

படம் முடிந்ததும் பெயர்கள் வந்தன. இவர் அதற்காகத்தான் காத்துக்கொண்டிருந்தார் என்று எனக்குத் தெரியும். பின்னணி என்று ஒரு வரி வரும் என்று அந்த மனுஷன் கடைசி வரை நம்பினார். ட்ரம்பெட் என்று வந்தது. பக்கத்தில் கானரின் பெயர். கூட்டம் கைதட்டியது.

“பேரு வரலையே” என்றார் இவர் தமிழில், யாரிடம் என்றில்லாமல்.

அடுத்து நின்றவர் டோக்கனைப் போட்டார். படம் ஓடவில்லை. இவர் பெட்டிக்குப் பின்னால் கையைவிட்டு சுவிட்சை அணைத்திருந்தார்.

டைரக்டர் சிரித்துக்கொண்டே வந்தார். “மெஷினில் ஏதாவது ப்ராப்ளமா?”

“மெஷின் இஸ் ஓகே” என்றார் இவர். குரல் எழும்பவில்லை. தொண்டையைச் செருமிக்கொண்டு மறுபடியும் சொன்னார். இந்தத் தடவை கூடத்தில் எல்லாருக்கும் கேட்டது. “தேர் இஸ் எ ப்ராப்ளம். த ட்ரம்பெட் இஸ் மை டாட்டர். நாட் ஹிம்.”

டைரக்டர் கிட்டே வந்து, தணிந்த குரலில், இதைப் பற்றி ஏற்கெனவே பேசிவிட்டோமே, நீங்கள் சம்மதித்தீர்களே என்றார்.

“எஸ். ஐ செட் ஓகே. நௌ ஐ ஆம் சேயிங் நாட் ஓகே.” இவருடைய நெற்றியில் வேர்வை. கோட்டுக்குள்ளே சட்டை ஒட்டிக்கொண்டிருந்தது. நாய் அசிங்கம் செய்ததற்குக்கூட வாய் திறக்காத மனுஷன். எனக்கு ஓடிப்போய்ப் பக்கத்தில் நிற்கவேண்டும் போலிருந்தது.

கானர் கூட்டத்துக்குள்ளிருந்து, “அவர் சொல்றது நிஜம். நான் வாசிக்கலை” என்றான். அவனுடைய அம்மா அவன் கையைப் பிடித்து இழுத்தாள். ஊன்றுகோலோடு நின்ற ஒரு பாட்டியம்மா, “எந்தப் பெண்?” என்று கேட்டார். இவர் எதிர்ச் சுவரைக் காட்டினார். எல்லாரும் திரும்பிப் பார்த்தார்கள்.

டைரக்டர் பெயரைத் திருத்திவிடலாம், நாளைக்கே திருத்திவிடலாம், இப்போது தயவுசெய்து போடுங்கள், வரிசை நிற்கிறது என்றார். இவர் அவரைப் பார்க்கவில்லை. அத்தனை தலைக்கு மேலாக யாழினியிடம் தமிழில் கேட்டார்.

“போடட்டுமா, வேண்டாமா? நீ சொல்லு கண்ணு.”

அவள் உதட்டைக் கடித்துக்கொண்டு அந்த மரப்பெட்டியைப் பார்த்தாள். கூடமே அவள் வாயைப் பார்த்துக்கொண்டு நின்றது.

“போடுங்கப்பா” என்றாள். “லெட் தெம் ஹியர் இட்.”

இவர் சுவிட்சைப் போட்டார். படம் மறுபடி ஓடியது. தனி வாசிப்பு வந்தபோது சிலர் திரையைப் பார்த்தார்கள், சிலர் சுவரோரம் நின்றவளைப் பார்த்தார்கள். அவள் விரல்கள் மூன்றும் வாத்தியப் பெட்டியின் மேல் அழுத்தி அழுத்தி எழுந்துகொண்டிருந்தன.

எல்லாம் முடிந்து பார்க்கிங்குக்கு வந்தோம். நான் கார்ச் சாவியைத் தேடிக்கொண்டிருந்தேன். இவர் கையை நீட்டவில்லை, இரண்டு கையையும் பாக்கெட்டில் வைத்துக்கொண்டு நடந்தார். யாழினி நின்று, வாத்தியப் பெட்டியை அவர் பக்கம் நீட்டினாள். அவர் வாங்கிக்கொண்டார். அவள் முன்னால் நடந்தாள்.

7

இதோடு சுபம் போட்டு முடித்தால் படிக்க நன்றாக இருக்கும். ஆனால் கதை அப்படி முடியவில்லை.

பெயரைத் திருத்தினார்கள். எப்படித் திருத்தினார்கள் என்று கேளுங்கள். படத்துக்குள்ளே கானரின் பெயர் அப்படியேதான் இருக்கிறது. இணையத்தில் படத்துக்குக் கீழே, விவரம் என்ற இடத்தைத் தட்டினால் விரிகிற பொடி எழுத்தில், கூடுதல் ஒலி உதவி என்று என் மகள் பெயர். அதையும் ஒரு எழுத்துத் தப்பாகப் போட்டிருக்கிறார்கள். டைரக்டர் காலேஜுக்கு லெட்டர் கொடுப்பாரா என்று தெரியாது. யாழினி அவரிடம் கேட்கப்போவதில்லை என்று சொல்லிவிட்டாள். இவர் ராத்திரியில் புரள்கிறார். ஆனால் சொன்னதை வாபஸ் வாங்கவில்லை. அந்த மரப்பெட்டியைப் பள்ளியிலிருந்து திருப்பிக் கொண்டுவந்து கராஜில் வைத்திருக்கிறார்.

குடும்பத்து வாட்ஸப்பில் அந்த வீடியோவை அனுப்பினதும் இவர்தான். “ட்ரம்பெட் நம்ம யாழினி. கண்ணை மூடிட்டுக் கேளுங்க” என்று எழுதியிருந்தார். அவர் நல்ல மனசோடுதான் எழுதினார். எனக்குத்தான் அந்த வரியைப் பார்த்ததும் மறுபடி பற்றிக்கொண்டது. பெற்ற பிள்ளையைப் பார்க்க எதற்குச் சொந்தபந்தம் கண்ணை மூடவேண்டும்?

நேற்று சுமதியைக் கூப்பிட்டேன். நடந்ததையெல்லாம் சொன்னேன். கேட்டுக்கொண்டே இருந்தாள். கடைசியில், “வுடு அக்கா. மாமா சொன்ன மாதிரி கண்ண மூடிக்கிட்டுக் கேட்டோம். அத்தை அழுதுட்டாங்க” என்றாள்.

“கண்ண மூடாத சுமதி” என்றேன். “மறுபடி போடு. பெரிய டிவிலயே போடு. முன்னால ஒரு பையன் கிண்ணத்த ஆட்டிக்கிட்டு நிப்பான், அவனையும் பாரு. அவனுக்குப் பின்னால கடைசி வரிசை, எடது பக்க ஓரம். நோட்டு வெக்கற ஸ்டாண்டுக்கு மேல ரெண்டு கண்ணு மட்டும் தெரியும். அதுதான் என்ற புள்ள.”